கட்டிய வீடும் கட்டும் கடனும்

சென்ற ஆவணி மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. காப்பியைக் குடித்துவிட்டுப் பத்திரிகையைப் பிரித்தேன். வாசல் மணி அடித்தது. வந்தவன் என் தங்கையின் பிள்ளை. பெண் பார்த்து நிச்சயமான பிள்ளையின் களை அவன் முகத்தில் சொட்டியது. ஆனால் அவனுக்குக் கல்யாணமாகி நாலு வருஷம் ஆகிவிட்டது. ஆகவே இது வேறு ஏதோ விசேஷம் என்று ஊகித்துக்கொண்டேன்.

“மாமா, வீடு பார்த்துவிட்டேன்!” என்றான்.

தாம்பரத்துக்கு அப்பால் ஓர் அடுக்குமாடிக் கட்டடம். அதில் மூன்றாவது மாடி. கைப்பணம் போக 40 லட்சம் ரூபாய் கடன். வட்டி 9 சதவிகிதம். பாங்கில் கொடுத்த காகிதங்களை மேஜைமேல் பரப்பினான்.

“இருபது வருஷத் தவணை என்றால் மாசம் 35,989 ரூபாய். முப்பது வருஷம் என்றால் 32,185தான். மாசத்துக்கு மூவாயிரத்து எண்ணூறு மிச்சம்! முப்பதையே எடுத்துக்கொள்ளலாம் என்று பார்க்கிறேன். எனக்கு இப்போது முப்பது வயசு. நான் ரிடையராகிற அன்றைக்குக் கடனும் ரிடையராகிவிடும். நீங்கள் என்ன சொல்கிறீர்கள்?”

நான் ஒன்றும் சொல்லவில்லை. கதை எழுதிப் பிழைக்கிறவனிடம் கணக்கைப் பற்றி அபிப்பிராயம் கேட்பது, தவில்காரரிடம் தம்புராவுக்குச் சுருதி கூட்டச் சொல்வது மாதிரி. ஆனால் ஒரு ஞாபகம் வந்தது. உள்ளே போய்ப் பரண்மேல் இருந்த தகரப் பெட்டியை இறக்கினேன். என் தகப்பனார் கடைசிவரை பத்திரப்படுத்தி வைத்திருந்த ஒரு முத்திரைத்தாள் அதில் இருக்கிறது. மடிப்பு மடிப்பாகக் கிழிந்து, வெள்ளைத் துணி ஒட்டியது. அதை எடுத்து வந்து பையனின் காகிதங்களுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

“இது என்ன, மாமா?”

“இதுவும் வீட்டுக் கடன்தான். உன் கொள்ளுத் தாத்தா வாங்கியது.”

கும்பகோணத்துக்குக் கிழக்கே ஒரு கிராமத்தில் என் பாட்டனாருக்கு ஒரு வீடும் கொஞ்சம் நிலமும் இருந்தன. 1919ஆம் வருஷம் ஒரு பெண்ணின் கல்யாணத்துக்காக அந்த வீட்டின்பேரில் ஆயிரம் ரூபாய் கடன் வாங்கினார். வட்டி நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய், வருஷத்துக்கு 120. அறுவடை முடிந்ததும் வட்டியைக் கட்டவேண்டும். அசலை முடிந்தபோது கொடுத்துக்கொள்ளலாம். கடன் கொடுத்தவர் ஊர்ப் பெரிய மனிதர். நெருக்கியதே இல்லை என்று என் தகப்பனார் சொல்வார்.

பத்திரத்தின் பின்புறத்தில் வரவுகள் எழுதியிருக்கின்றன. 1920, வட்டியில் வரவு 120. 1921, வட்டியில் வரவு 120. இப்படியே பதினேழு வரிகள். கடைசி வரி 1936. கூட்டிப் பார்த்தால் 2,040 ரூபாய். ஆயிரம் வாங்கியவர் இரண்டாயிரத்துக்கு மேல் கட்டிவிட்டார். அசல் எவ்வளவு பாக்கி? அதே ஆயிரம்.

1929க்குப் பிறகு உலகம் முழுவதும் விலைவாசி விழுந்ததல்லவா? தஞ்சாவூர் ஜில்லாவிலும் நெல் விலை சில வருஷங்களில் ஏறத்தாழப் பாதியாகிவிட்டது. நெல்லின் விலை பாதியானால், 120 ரூபாய் வட்டி கட்ட இரண்டு மடங்கு நெல்லை விற்கவேண்டும். நெல் விலை இறங்கியதே தவிர, பத்திரத்தில் எழுதிய வட்டி இறங்கவில்லை. 1936ல் என் பாட்டனார் வீட்டைக் கடனுக்கு ஈடாகக் கிரயம் செய்து கொடுத்துவிட்டு, சட்டி பானையுடன் வெளியேறினார். என் தகப்பனாருக்கு அப்போது பன்னிரண்டு வயது.

பையன் பத்திரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். “அநியாயம், மாமா! சட்டம் ஒன்றும் இல்லையா?” என்றான்.

சட்டம் இருந்தது. அதன் கதை சுவாரசியமானது. வாசகர்களும் கொஞ்சம் பொறுமையாகக் கேட்கவேண்டும்.

வீட்டையும் நிலத்தையும் ஈடு வைப்பது நம் நாட்டுக்குப் புதிதல்ல. ‘ஒற்றி’ என்ற சொல் பழைய கல்வெட்டுகளிலேயே வருகிறது. அதுதான் பேச்சில் ‘ஒத்தி’ ஆயிற்று. மதுரைப் பக்கத்தில் ‘வீடு ஒத்திக்கு விடப்படும்’ என்ற அறிவிப்பை இன்றும் பார்க்கலாம். பணம் கொடுத்தவன் வீட்டில் வந்து குடியிருப்பான். வாடகையும் கிடையாது, வட்டியும் கிடையாது. கெடு முடிந்ததும் பணத்தைத் திருப்பிக் கொடுத்தால் வீட்டைக் காலி செய்வான். போக்கியம் என்பதும் இதுதான். இந்த ஏற்பாட்டில் ஒரு நல்ல அம்சம் உண்டு. கடனின் விலை இன்னதென்று கண்ணுக்குத் தெரியும். நம் திண்ணையில் இன்னொருவன் உட்கார்ந்திருப்பதைத் தினமும் பார்க்கிறோம். எப்போது மீட்போம் என்ற எண்ணம் தானாகவே வரும்.

இங்கிலீஷ்காரர்கள் தங்கள் சட்டத்தைக் கொண்டுவந்தார்கள். அடமானத்துக்கு அவர்கள் மொழியில் ‘மார்ட்கேஜ்’ என்று பெயர். அது பழைய பிரெஞ்சுச் சொல். ‘செத்த ஈடு’ என்று பொருள். 15ஆம் நூற்றாண்டில் லிட்டில்டன் என்ற சட்ட நிபுணர் அதற்கு ஒரு விளக்கம் எழுதினார். கடனைக் கட்டாவிட்டால் நிலம் வாங்கினவனுக்குச் செத்தது. கட்டிவிட்டால் கொடுத்தவனுக்குச் செத்தது. எப்படியும் ஒருவனுக்குச் சாவு நிச்சயம்!

1882ல் வந்த சொத்து மாற்றுச் சட்டம் அடமானங்களை வகை வகையாகப் பிரித்தது. போக்கியம் ஒரு வகை. வீட்டில் நாமே இருந்துகொண்டு வட்டி கட்டுவது இன்னொரு வகை. என் பாட்டனார் செய்தது அது. மூலப் பத்திரத்தைக் கடன் கொடுப்பவரிடம் ஒப்படைத்துவிட்டுப் பணம் வாங்குவது வேறொரு வகை. சென்னை, கல்கத்தா, பம்பாய் போன்ற பெரிய நகரங்களின் வியாபாரிகளுடைய சௌகரியத்துக்காக ஏற்பட்ட வழி அது. இன்று பாங்குகள் கொடுக்கும் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை இந்த வகைதான். தங்கை பிள்ளை கையெழுத்துப் போடும் நாளில் அவனுடைய மூலப் பத்திரம் பாங்கின் இரும்புப் பெட்டிக்குள் போய்விடும்.

வட்டிக்கு வரம்பு உண்டா? நம் பழைய தர்ம சாஸ்திரங்களில் உண்டு. ஒரே சமயத்தில் வசூலிக்கும் வட்டி அசலை மீறக்கூடாது என்பது மனு முதலானோரின் விதி. ‘தாம்துபட்’ என்று அதற்குப் பெயர். பம்பாய் ராஜதானியிலும் கல்கத்தா நகரத்திலும் நீதிமன்றங்கள் அதை ஒப்புக்கொண்டன. சென்னை ராஜதானியில் அது செல்லவில்லை. சென்றிருந்தாலும் என் பாட்டனாருக்குப் பிரயோஜனம் இராது. பாக்கி நின்று ஏறிய வட்டிக்குத்தான் அந்த வரம்பு. அவர் வருஷா வருஷம் ஒழுங்காகக் கட்டியவர். ஒழுங்காகக் கட்டுகிறவனை சாஸ்திரமும் காப்பாற்றவில்லை!

அவனைக் காப்பாற்றிய சட்டம் 1938ல் வந்தது. ராஜாஜி சென்னையில் பிரதம மந்திரியாக இருந்த காலம். விவசாயிகளின் கடன் நிவாரணச் சட்டம் என்று ஒன்றை நிறைவேற்றினார். கடன் கொடுத்தவர்கள் குய்யோ முறையோ என்று கூச்சலிட்டார்கள். அந்தச் சட்டத்தில் ஒரு விதி இருந்தது: 1932 அக்டோபருக்கு முன் வாங்கிய பழைய கடனில், வட்டியாகவோ அசலாகவோ மொத்தத்தில் அசலைப்போல் இரண்டு மடங்கு ஒரு விவசாயி ஏற்கெனவே கட்டியிருந்தால், அந்தக் கடன் அடியோடு தீர்ந்தது. பைசா பாக்கி கிடையாது.

என் பாட்டனார் 2,040 கட்டியிருந்தார். இரண்டு மடங்குக்கு மேலே நாற்பது ரூபாய். ஆனால் வீட்டை 1936லேயே கொடுத்துவிட்டார். இரண்டு வருஷம்! இரண்டே வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்திருந்தால், எனக்கும் சொந்த ஊரில் ஒரு திண்ணை இருந்திருக்கும். இதனால்தான் என் தகப்பனார் அந்தச் செல்லாத காகிதத்துக்குத் துணி ஒட்டி வைத்திருந்தார்.

நிற்க. என் பாட்டனாரைக் கெடுத்தது எது? பன்னிரண்டு சதவிகித வட்டியா? நெல் விலையா? இரண்டும்தான். ஆனால் மூல வியாதி வேறு. அசல் அப்படியே நின்றது. பதினேழு வருஷமும் அவர் கட்டியது கடனை அல்ல; கடனுக்கு வாடகையைத்தான்.

இதே வியாதி அதே வருஷங்களில் பணக்கார தேசமான அமெரிக்காவையும் பிடித்திருந்தது. அங்கே அந்நாளில் வீட்டுக் கடன் பெரும்பாலும் மூன்று முதல் ஐந்து வருஷக் கெடுவுக்குத்தான். கெடு வரையில் அநேகர் வட்டியை மட்டும் கட்டுவார்கள். கெடு முடிந்ததும் முழு அசலும் வைக்கவேண்டும். அல்லது கெடுவைப் புதுப்பிக்கவேண்டும். 1929க்குப் பிறகு பாங்குகளே விழுந்தன. கெடுவைப் புதுப்பிக்க ஆள் இல்லை. 1933ல் நாள் ஒன்றுக்குச் சுமார் ஆயிரம் வீடுகள் ஜப்திக்கு வந்தன.

ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டின் அரசாங்கம் அந்த வருஷமே ஒரு கடன் நிறுவனத்தை ஏற்படுத்தியது. மூழ்கிக்கொண்டிருந்த பத்து லட்சத்துக்கும் அதிகமான வீட்டுக் கடன்களை அது எடுத்துக்கொண்டு, 5 சதவிகித வட்டியில் 15 வருஷத் தவணைக் கடனாக மாற்றியது. மாதாமாதம் ஒரே தொகை. அதற்குள் வட்டியும் இருக்கும். அசலில் ஒரு துளியும் இருக்கும். கடைசித் தவணையோடு அசலும் பூஜ்யமாகும். பிரிட்டனின் கட்டடச் சங்கங்கள் முன்பே கையாண்டிருந்த இந்த முறை, 1934ல் அமெரிக்கச் சட்டத்தின் ஆதரவையும் பெற்று எங்கும் பரவியது. ‘நிற்கும் அசல்’ என்ற வியாதிக்கு அது நல்ல மருந்து என்பதில் சந்தேகமில்லை. ஆனால் மருந்தின் அளவு வருஷத்துக்கு வருஷம் நீண்டது. 15 வருஷம் 20 ஆயிற்று. பிறகு 25, 30.

நம் நாட்டில் நடுத்தரக் குடும்பத்துக்கு வீட்டுக் கடன் என்பது நெடுநாள்வரை கூட்டுறவுச் சங்கங்களும், மயிலாப்பூர் நிதி மாதிரியான பண்டுகளும், ஆபீஸ் முன்பணமும்தான். பலர் பிராவிடண்ட் பண்டை வாங்கி, ஐம்பத்தெட்டு வயதில் அஸ்திவாரம் போட்டார்கள். 1977ல் ஹஸ்முக் பாரேக் என்ற குஜராத்திப் பெரியவர், தாமே உத்தியோகத்திலிருந்து ஓய்வுபெற்ற பிறகு, வீட்டுக் கடனுக்கென்றே ஹெச்.டி.எஃப்.சி. நிறுவனத்தைத் தொடங்கினார். 2023ல் அது அதே பெயர் கொண்ட பாங்கோடு இணைந்துவிட்டது. ஆனால் அது காட்டிய வழியில் பின்னால் எல்லாப் பாங்குகளும் வந்தன. முப்பது வயதுப் பிள்ளை வீடு வாங்க முடிகிறதென்றால் அதற்கு இந்த மாதத் தவணைதான் காரணம். அதை நான் குறை சொல்லமாட்டேன்.

“அப்படியானால் என் கடனில் அசல் நிற்காது, இல்லையா மாமா?” என்றான் பையன், கொஞ்சம் தைரியம் பெற்று.

“நிற்காது. ஆனால் எவ்வளவு வேகமாக நடக்கிறது, பார்க்கலாமா?”

இருவரும் அவனுடைய கைப்பேசிக் கணக்கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தோம். 40 லட்சத்துக்கு 9 சதவிகிதம் என்றால் முதல் மாத வட்டி 30,000. முப்பது வருஷத் திட்டத்தில் தவணை 32,185. ஆகவே முதல் மாதம் அசலில் வரவாவது 2,185 ரூபாய்! இருபது வருஷத் திட்டத்தில் 5,989. மாதத்துக்கு 3,804 ரூபாய் மிச்சம் என்று சந்தோஷப்பட்டானே, அந்த மிச்சம் முழுவதும் அசலின் பங்கிலிருந்து பிடுங்கியது. வட்டியிலிருந்து ஒரு காசு குறையவில்லை.

பத்து வருஷம் கழித்து முப்பது வருஷக் கடன் எப்படி இருக்கும்? அதுவரை கட்டியது 38 லட்சத்து 62 ஆயிரம். பாக்கி அசல் ஏறத்தாழ 35 லட்சத்து 77 ஆயிரம். வாங்கிய தொகை கிட்டத்தட்ட முழுவதையும் கட்டியாகிவிட்டது. கடனில் பத்தில் ஒரு பங்குதான் குறைந்திருக்கிறது. அசலில் பாதி தீர இருபத்துமூன்று வருஷம் ஆகும்.

மொத்தம்? இருபது வருஷத்தில் 86 லட்சத்து 37 ஆயிரம். முப்பது வருஷத்தில் ஒரு கோடியே 15 லட்சத்து 86 ஆயிரம். இரண்டுக்கும் வித்தியாசம் 29 லட்சத்துக்கு மேல். மாதம் 3,804 ரூபாய் மிச்சம் பிடித்ததற்கு இதுதான் விலை.

பையன் பேசாமல் இருந்தான். நான் இன்னொரு கணக்குப் போட்டேன். 1938ஆம் வருஷத்து விதி இவனுக்குப் பொருந்துவதாக வைத்துக்கொள்வோம். முப்பது வருஷத் திட்டத்தில் இரண்டு மடங்கான 80 லட்சத்தை இவன் கட்டி முடிப்பது இருபத்தோராவது வருஷத்தில். அன்றைக்கு அந்தச் சட்டம், “போதும், வீட்டுக்குப் போ” என்று சொல்லியிருக்கும். இன்றைய பத்திரமோ, “இன்னும் ஒன்பது வருஷம் கட்டு” என்று சொல்கிறது. யாரும் இவனை ஏமாற்றவில்லை. எல்லாம் சட்டப்படி, எல்லாம் காகிதத்தில் இருக்கிறது. ஒரு காலத்தில் அநியாயம் என்று ராஜாங்கமே தடுத்த அளவை, நாமே சந்தோஷமாகக் கையெழுத்துப் போட்டுத் தாண்டுகிறோம்.

இதற்கு ஒரு பதில் உண்டு. அதையும் சொல்லாவிட்டால் நான் நியாயஸ்தன் ஆகமாட்டேன். 1930களில் விலைவாசி இறங்கியது. ஆகையால் என் பாட்டனாரின் கடன் வருஷத்துக்கு வருஷம் கனத்தது. நம் காலத்தில் விலைவாசி ஏறுகிறது. இன்று சம்பளத்தில் பாதியை விழுங்கும் தவணை, பதினைந்து வருஷம் கழித்து லேசாகத் தோன்றலாம். கட்டாமல் விட்ட வாடகையும் லாபக் கணக்கில் சேரும். எல்லாம் உண்மை. ஆனால் ரூபாயின் மதிப்பு குறையும் என்பது கடன் கொடுக்கிறவருக்கும் தெரியும். அதையும் சேர்த்துத்தான் அவர் வட்டியை நிர்ணயிக்கிறார். மேலும், சம்பளம் ஏறும் என்பது நம்பிக்கை. தவணை வரும் என்பது நிச்சயம்.

வட்டியும் நின்ற இடத்தில் நிற்பதில்லை. இந்நாளைய வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டியில்தான் இருக்கின்றன. 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் பாங்கு தன் ஆதார வட்டியை 4 சதவிகிதத்திலிருந்து 6.5க்கு உயர்த்தியது. பலருக்குத் தவணை ஏறவில்லை, வருஷங்கள் ஏறின. தொகை மாறாததால் அவர்களில் அநேகர் அதைக் கவனிக்கவேயில்லை. பையனுடைய கடனில் ஆரம்பத்திலேயே வட்டி 9லிருந்து 10.5 ஆனால், அதே 35,989 ரூபாய்த் தவணையில் இருபது வருஷம் முப்பத்துநாலு வருஷத்துக்கு மேல் போகும். முப்பது வருஷத் திட்டமோ? அப்போது ஒரு மாத வட்டியே 35,000. தவணை 32,185. வட்டிக்கே போதாது, கட்டக் கட்டக் கடன் வளரும்! இப்படி வளரவிடக் கூடாதென்றும், தவணையை உயர்த்துவதா காலத்தை நீட்டுவதா என்பதைக் கடன் வாங்கியவரிடம் கேட்கவேண்டும் என்றும் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் பாங்கு உத்தரவிட்டது. ஆனால் கேட்கும்போது பதில் சொல்ல நமக்குத் தெரிந்திருக்கவேண்டும்.

“அப்போது வீடே வாங்க வேண்டாம் என்கிறீர்களா?” பையனின் குரலில் கோபமும் இருந்தது, அழுகையும் இருந்தது.

“வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார் என்று பெரியவர்கள் சொன்னார்கள். கல்யாணம் பண்ணிப் பார்த்துவிட்டாய். வீட்டையும் வாங்கத்தான் வேண்டும். எத்தனை வருஷத்துக்கு என்பதுதான் கேள்வி. வீட்டின் விலையைப் பேரம் பேசினாயா?”

“ஒரு மாசம் பேசி ஐம்பதாயிரம் குறைத்தேன், மாமா.”

“பத்து வருஷத்தை ஒரு நிமிஷத்தில் கூட்டிக்கொண்டாய். அதன் விலை 29 லட்சம்.”

பையன் சிரித்துவிட்டான். நானும் சிரித்தேன். பிறகு நிதானமாகப் பேசினோம். இருபது வருஷத் திட்டம்தான் என்று முடிவாயிற்று. போனஸ் வரும் மாதத்தில் வருஷத்துக்கு ஒரு தவணை அதிகமாகக் கட்டினால் என்ன ஆகும் என்று அவனே கணக்குப் போட்டான். வட்டி மாறாமல் இருந்தால் ஏறத்தாழ மூன்றரை வருஷம் குறைகிறது. ஒன்பது லட்சத்துக்கு மேல் மிச்சம். மாறும் வட்டியில் உள்ள வீட்டுக் கடனை முன்னதாகக் கட்டினால் பாங்குகள் தண்டம் வசூலிக்கக் கூடாது என்று 2012லேயே ரிசர்வ் பாங்கு தடுத்துவிட்டது. அந்தக் கதவு திறந்துதான் இருக்கிறது. நுழைகிறவர்கள்தான் குறைவு.

புறப்படும்போது பையன் தன் காகிதங்களை அடுக்கினான். பழைய பத்திரத்தை மட்டும் கையில் வைத்துக்கொண்டு தயங்கினான்.

“இதை நான் எடுத்துக்கொண்டு போகட்டுமா, மாமா?”

“எதற்கடா? அது செல்லாக் காகிதம்.”

“பின்பக்கம் பாருங்கள். பதினேழு வரியும் வட்டியில் வரவு, வட்டியில் வரவு என்றே இருக்கிறது. கீழே கொஞ்சம் இடம் பாக்கி இருக்கிறது. ஒவ்வொரு வருஷமும் போனஸ் வந்ததும் நான் அதில் ஒரு வரி எழுதப்போகிறேன்.”

“என்னவென்று?”

“அசலில் வரவு என்று.”

என் தகப்பனார் ஒட்டிய துணி இன்னும் விட்டுப்போகவில்லை. மடித்து அவன் கையில் கொடுத்தேன்.